உயர்தர சைவம்: ஒரு பெயர்ப்பலகையும் சில சமையல் புத்தகங்களும்

திருவல்லிக்கேணி பைகிராப்ட்ஸ் சாலைக்குப் பாரதி சாலை என்று பெயர் மாறி வெகுகாலமாகிறது. பழைய புத்தகம் தேடிப் போகிறவர்கள் வாயில் மட்டும் அது இன்னும் பைகிராப்ட்ஸ் ரோடுதான். அங்கே ஒரு நடைபாதைக் கடையில், தொ.மு.சி. மொழிபெயர்ப்பு எதையாவது தேடப் போன நான், சென்னை ஓட்டல்களின் சமையல் குறிப்புகள் அடங்கிய வழவழப்பான புத்தகம் ஒன்றை வாங்கி வந்தேன். பேரம் பேசி நாற்பது ரூபாய். அட்டையில் பித்தளை டபரா, பின்னால் மங்கலாக ஒரு கோபுரம். உள்ளே சாம்பார் இட்லி, ரவா தோசை, பாதாம் அல்வா, வடைகறி.

வடைகறிப் பக்கத்தைத்தான் முதலில் பிரித்தேன். கடலைப்பருப்பை இரண்டு மணி நேரம் ஊறவைத்து, சோம்பு சேர்த்துக் கரகரப்பாக அரைத்து, ஆவியில் வேகவைத்து அல்லது எண்ணெயில் பொரித்து, ஆறியபின் உதிர்த்து, மசாலாவில் போடவும் என்றிருந்தது. நான்கு பேருக்கு.

என் சித்தப்பா சென்னையின் ஒரு சைவ ஓட்டலில் இருபத்தாறு வருஷம் வேலை பார்த்தவர். மேசை துடைக்கிற பையனாகச் சேர்ந்து, எச்சில் இலை எடுத்து, பாத்திரம் கழுவி, கடைசியில் மாவரைக்கிற இடம்வரைக்கும் வந்தார். அதற்கு மேல் போகவில்லை. அடுப்புப் பக்கம் ஏன் போகவில்லை என்று கேட்டால், ‘அது சரக்கு மாஸ்டர் எடம்டா’ என்பார். ஏதோ பூகோளம் சொல்லுகிற மாதிரி. இந்தக் குறிப்பை அவருக்குப் படித்துக் காட்டினேன். முழுவதும் கேட்டுவிட்டு ஒரே கேள்வி கேட்டார்: ‘நேத்து வடை எங்கடா போச்சு?’

வடைகறி மிச்சத்தில் பிறந்த பண்டம். முதல்நாள் விற்காமல் நின்றுபோன மசால்வடையைத் தூக்கிப்போட மனமில்லாத ஒரு கடைக்காரன் அல்லது தொழிலாளி அதை உதிர்த்து, வெங்காயம் தக்காளியோடு குழம்பில் போட்டான். இட்லிக்கும் செட்தோசைக்கும் தொட்டுக்கொள்ள மறுநாள் காலைப் பலகாரத்துக்கு ஒரு புதுச் சரக்கு கிடைத்தது. சைதாப்பேட்டை மாரி ஓட்டலின் பெயர் இந்தப் பண்டத்தோடு சேர்ந்தே சொல்லப்படுகிறது. புத்தகத்தில் என்ன நடக்கிறது பாருங்கள். மிச்சத்தைச் சொல்ல மனம் வராமல், மிச்சத்தைப் புதிதாகத் தயாரிக்கக் கற்றுக்கொடுக்கிறது. அந்தப் பண்டத்தின் வரலாறு இரண்டு மணி நேர ஊறலில் கரைந்துபோகிறது. ஒரு நகரத்தின் உணவைக் கொண்டாடுகிற புத்தகங்கள் எவற்றைக் கொண்டாடுகின்றன, கொண்டாடுவதற்கு முன்னால் எவற்றைக் கழுவித் துடைக்கின்றன என்று யோசிக்க ஆரம்பித்தது இங்கிருந்துதான்.

சமையல் புத்தகத்தைப் பிரதியாக வாசிப்பது புதிய விஷயமில்லை. ரொலாண் பார்த் 1957-இல் வெளிவந்த தன் ‘புராணங்கள்’ நூலில், பிரஞ்சுப் பெண்கள் பத்திரிகையொன்றின் வண்ண உணவுப் படங்களைப் பற்றி எழுதினார். வாங்கிச் சாப்பிட முடியாதவர்கள் கண்ணால் உண்பதற்கான சமையல் அது என்பது அவர் வாதம். அர்ஜுன் அப்பாதுரை 1988-இல் இந்தியச் சமையல் புத்தகங்கள் பற்றி எழுதிய கட்டுரை இன்னும் நமக்கு நெருக்கமானது. ஆங்கிலம் படித்த நகர்ப்புற நடுத்தர வர்க்கப் பெண்கள், ஒருவர் வட்டாரத்து உணவை இன்னொருவர் பரிமாறிக்கொள்வதன் வழியாக ‘இந்திய உணவு’ என்ற ஒன்று எப்படிக் கட்டமைக்கப்பட்டது என்று அதில் காட்டினார். நல்ல கட்டுரை. ஆனால் அந்தப் பரிமாற்றத்துக்கு வெளியே நின்றவன், சமையலறைக்குப் பின்வாசலில் நின்றவன், அதில் ஓரமாகத்தான் வருகிறான்.

சென்னைக்கு முதலில் பேர்பெற்ற சமையல் புத்தகத்தை எழுதியவர் ஒரு குதிரைப்படை அதிகாரி. ஆர்தர் ராபர்ட் கென்னி-ஹெர்பர்ட். ‘வைவர்ன்’ என்ற புனைபெயரில் அவர் எழுதிய மதராஸ் சமையல் குறிப்புகள் 1878-இல் ஹிக்கின்பாதம்ஸ் வெளியீடாக வந்தது. வெள்ளைக்காரத் துரைசாணிகள் தங்கள் சமையல்காரனை வைத்து எப்படிப் பிரஞ்சு விருந்து ஆக்குவது என்பதுதான் பெரும்பகுதி. நம்ம ஊர்க் கறிகளுக்கும், மிளகுத்தண்ணீர் மருவிய ‘மல்லிகாட்டனி’க்கும் பின்பகுதியில் இடம் உண்டு. அதில் வரும் சமையல்காரனுக்குப் பெயர் ராமசாமி. அது ஒரு ஆளின் பெயரல்ல. மதராஸ் பட்லர்கள் எல்லாருக்கும் வைவர்ன் வைத்த பொதுப்பெயர். ராமசாமிக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டும், ராமசாமியைக் கண்காணிக்க வேண்டும், சில நேரம் ராமசாமியைப் பாராட்டவும் வேண்டும். பிற்காலத்தில் லண்டன் திரும்பிச் சமையல் பள்ளி நடத்தினார் கர்னல். ராமசாமி என்ன ஆனான் என்று புத்தகம் சொல்லாது. (அந்தப் புத்தகம் வந்த அடுத்த வருஷம், 1879-இல், ஈரோட்டில் இன்னொரு ராமசாமி பிறந்தார். ஓட்டல் விஷயத்தில் அவரிடம் பின்னால் வருவோம்.)

வெள்ளைக்காரர்கள் வீட்டுக்குள் சமையல்காரனைக் கண்காணித்துக்கொண்டிருந்தபோது வெளியே நகரம் வேறு விதத்தில் சாப்பிடப் பழகியது. ரயில், ஆபீஸ், கோர்ட்டு, காலேஜ் என்று ஊரைவிட்டு வந்தவர்களுக்கு வீடில்லாத இடத்தில் சோறு வேண்டியிருந்தது. யார் ஆக்கியதைச் சாப்பிடுவது என்ற பழைய கேள்வி புதிய இடத்தில் வந்து உட்கார்ந்தது. அதற்குக் கிடைத்த பதில்தான் ‘பிராமணாள் காப்பி கிளப்’. காப்பி இந்தச் சமூகத்தில் என்னவெல்லாம் செய்தது என்று ஆ. இரா. வேங்கடாசலபதி விரிவாக எழுதியிருக்கிறார். அதைத் திரும்பச் சொல்ல வேண்டியதில்லை. இங்கே எனக்கு முக்கியம் பலகை. ஆக்குகிறவன் சாதியைப் பலகையில் எழுதினால் சாப்பிடுகிற எல்லாச் சாதிக்கும் ஆட்சேபணை இருக்காது என்பது அதன் கணக்கு. தென்கன்னடத்திலிருந்து உடுப்பிக்காரர்கள் வந்து வேர்விட்டதும் இந்தக் கணக்கின்மேல்தான். மடப்பள்ளிச் சுத்தம், கடைத்தெரு விலை. உட்லண்ட்ஸ் கிருஷ்ண ராவ் எடுபிடி வேலையிலிருந்து எழுந்து வந்தவர் என்பதும் உண்மை. உழைப்பை நான் மறுக்கவில்லை. எந்த உழைப்பாளிக்கு எந்தப் படிவரைக்கும் ஏற அனுமதி இருந்தது என்று மட்டும் கேட்கிறேன்.

நுழைந்தவர்களுக்குள்ளும் பிரிவினை இருந்தது. ரயில்வே சிற்றுண்டிச் சாலைகளில் பிராமணர்களுக்குத் தனி இடம். பெரியாரின் தொடர்ந்த பிரச்சாரத்துக்குப் பிறகு 1941-இல்தான் அது போனது. 1950-இல் நடைமுறைக்கு வந்த அரசியல் சட்டத்தின் 15-ஆம் பிரிவு, கடைகளிலும் பொது உணவகங்களிலும் சாதியைச் சொல்லி யாரையும் தடுக்கக் கூடாது என்கிறது. ஒரு தேசத்தின் அரசியல் சட்டத்துக்குள் சாப்பாட்டுக்கடை வந்து உட்கார வேண்டியிருந்தது என்பதே நம்முடைய சமையல் வரலாறு குறித்த ஒரு பெரிய குறிப்பு. எந்தச் சமையல் புத்தக முன்னுரையிலும் அதைப் பார்த்ததில்லை. தீண்டாமைக் குற்றச் சட்டம் 1955-இல் வந்தது. அதற்கப்புறமும் ஊர் டீக்கடைகளில் இரட்டைக் குவளை இருந்ததை இந்தப் பத்திரிகை வாசகர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

1957-இல் திருவல்லிக்கேணி முரளி கபே முன்னால் திராவிடர் கழகத்தார் மறியல் தொடங்கினார்கள். கோரிக்கை ஒன்றுதான்: பலகையில் உள்ள ‘பிராமணாள்’ என்ற சொல்லை எடு. நாள் தவறாமல் தொண்டர்கள் வந்தார்கள், கைதானார்கள், மறுநாள் வேறு தொண்டர்கள் வந்தார்கள். மாதக்கணக்கில் நடந்து 1958-இல் அந்தச் சொல் எடுக்கப்பட்டதோடு முடிந்தது. ஒரு சொல்லுக்கா இவ்வளவு என்று அன்றைக்குக் கேட்டவர்கள் உண்டு. மொழி படித்தவன் என்கிற முறையில் நான் சொல்லுவேன், ஒரு சொல்லுக்குத்தான். சொல்தான் கதவு. 2012-இல் ஸ்ரீரங்கத்தில் ஒரு ஓட்டல் அதே சொல்லோடு திறக்கப்பட்டு, மறுபடி போராட்டம் நடந்து, மறுபடி எடுக்கப்பட்டது. அய்ம்பத்தைந்து வருஷம் கழித்தும் அந்தச் சொல்லுக்கு விலை இருந்திருக்கிறது என்றுதானே அர்த்தம்?

முரளி கபே மறியலுக்கு ஆறு வருஷம் முன்னால், 1951-இல் இரண்டு காரியங்கள் நடந்தன. இரண்டையும் சேர்த்து யாரும் பேசுவதில்லை. எஸ். மீனாட்சி அம்மாளின் ‘சமைத்துப் பார்’ முதல் பாகம் வெளிவந்தது. மவுண்ட் ரோட்டில் புகாரி ஓட்டல் திறக்கப்பட்டது.

‘சமைத்துப் பார்’ பற்றிக் கிண்டலாக எழுதுவது சுலபம். நான் எழுதப்போவதில்லை. இளம் வயதில் கணவரை இழந்த ஒரு பிராமணப் பெண், உறவினர் கே. வி. கிருஷ்ணசாமி அய்யர் தந்த ஊக்கத்தில், தன் கைக்குத் தெரிந்ததை எழுத்தில் வைத்தார். அந்தச் சமூகம் விதவைகளின் தட்டில் எதை வைத்தது, எதை எடுத்தது என்று தெரிந்தவர்களுக்கு, அவர் எழுதிய ஒவ்வொரு குறிப்புக்குப் பின்னாலும் ஒரு மவுனம் கேட்கும். படி, ஆழாக்கு என்று அளந்து, இன்ன பதத்தில் இறக்கு என்று சொல்லும் அந்த நடை தமிழ் உரைநடையில் ஒரு சாதனை என்றே நினைக்கிறேன். தமிழ் எம்.ஏ. பாடத்திட்டத்தில் உரைநடை வளர்ச்சி என்று ஒரு தாள் உண்டு. அதில் வீரமாமுனிவர் வருவார், நாவலர் வருவார், மீனாட்சி அம்மாள் வர மாட்டார்.

ஆனால் பிரதி எழுதியவரோடு நிற்பதில்லை. ஒரு சாதியின் வீட்டுச் சமையல் ‘தமிழ்ச் சமையல்’ ஆனது அந்தப் புத்தகத்துக்குப் பின்னால். எழுதப்பட்டது எதுவோ அது பொதுவானது. எழுதப்படாதது சாதியின் உணவாகவே நின்றது. சாம்பார் சாம்பார்தான், அதற்கு அடைமொழி கிடையாது. எங்கள் வீட்டுக் குழம்புக்கு மட்டும் எப்போதும் ஒரு அடைமொழி தேவைப்படுகிறது.

புகாரியின் கதை வேறு. கொழும்பில் தொழில் பழகிவந்த ஒரு முஸ்லிம் வணிகர், நகரத்தின் பெரிய சாலையில் பிரியாணியை மேசை நாற்காலிபோட்டு வைத்தார். பலகையில் சாதி இல்லை. 1965-இல் அங்கே பட்டியலில் ஏறியதாகச் சொல்லப்படும் சிக்கன் 65 இன்று ஊரெல்லாம் தள்ளுவண்டியில் சிவக்கிறது. அந்தப் பெயருக்கு அறுபத்தைந்து விளக்கமாவது புழங்குகிறது, அதை விடுங்கள். எனக்கு ஆச்சரியம், சென்னையின் பெயரை உலகத்துக்குக் கொண்டுபோன இந்தப் பண்டம் ஒரு வீட்டுச் சமையலிலிருந்தும் வரவில்லை என்பது. அதற்குப் பாட்டி இல்லை, குலம் இல்லை, கோத்திரம் இல்லை. அதனால்தானோ என்னவோ, பாரம்பரியத்தைக் கொண்டாடும் புத்தகங்கள் அதை ஒரு பக்கத்தில் சிரித்துக்கொண்டே கடந்துபோகின்றன.

பாரம்பரியம் என்று சொல்லும்போதே இன்னொன்றும் ஞாபகம் வருகிறது. திருவல்லிக்கேணி ரத்னா கபேயின் சாம்பார் சென்னையின் ஆதி ருசி என்று எழுதாதவர் இல்லை. 1948-இல் அதைத் தொடங்கியது ஒரு வட இந்தியக் குடும்பம். நகரத்தின் ருசி என்பதே இப்படிப்பட்ட கலப்படம்தான், அதில் எனக்குச் சந்தோஷமே. கலப்பை ஒத்துக்கொள்ளாமல் அதற்குப் பூணூல் போடும்போதுதான் கோபம் வருகிறது.

முரளி கபேயில் ‘பிராமணாள்’ போன பிறகு பலகை காலியாக இருக்கவில்லை. நகரம் முழுக்க அந்த இடத்தில் இன்னொரு சொல் வந்து உட்கார்ந்தது: ‘உயர்தர சைவ உணவகம்’. முந்தைய சொல் ஆளைச் சொன்னது, இது தரத்தைச் சொல்கிறது. சாதி சுகாதாரமாக உருமாறிய இடம் இதுதான் என்பது என் வாசிப்பு. சைவம் உயர்தரம் என்றால் எது கீழ்த்தரம் என்று எந்தப் பலகையும் எழுத வேண்டியதில்லை, வாசிக்கிறவனே முடித்துக்கொள்வான். எதிர்ப்பக்கத்தில் ‘மிலிட்டரி ஓட்டல்’ என்று பெயர். கறி தின்கிறவன் ஊர்க்காரனாக இருக்க மாட்டான், பட்டாளத்துக்காரனாகத்தான் இருப்பான் என்பதுபோல. கறி தின்பவர்கள் பெரும்பான்மையாக வாழும் ஒரு மாநிலத்தின் தலைநகரத்தில் இந்தப் பெயர்கள் எப்படிச் செல்லுபடியாயின?

இதைப் பிராமணர்கள் தலையில் மட்டும் கட்டினால் நாம் தப்பித்துக்கொள்கிறோம். 1981-இல் கே.கே. நகரில் தொடங்கிய சரவண பவன், பிராமணர் அல்லாத ஒருவரின் கையில் வளர்ந்து வெளிநாடுகள்வரை போன நிறுவனம். முதலாளியின் சாதி மாறியது, ‘உயர்தர சைவம்’ என்கிற சொல்லாடல் மாறவில்லை. சொல்லப்போனால் அது அப்போதுதான் முழுமையடைந்தது. பிராமணர் இல்லாமலேயே நடக்கிற பிராமணியத்துக்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை. திராவிட ஆட்சிக்காலம் முழுவதும் தலைவர்களும் நாங்களும் அங்கே வரிசையில் நின்றுதான் சாப்பிட்டோம். நானும்தான். சாம்பார் நன்றாகவே இருக்கும்.

சமையல் புத்தகம் ஓட்டல் பண்டத்தை வீட்டுக்குக் கொண்டுவருகிறபோது ஒரு மொழிபெயர்ப்பு நடக்கிறது. மாஸ்டர் அளப்பது கையால், வாளியால், கண்ணால். இருநூறு பேருக்கான சாம்பார் நாலு பேருக்கு வரும்போது வாளி கரண்டியாகிறது. அதோடு சேர்ந்து காலை மூன்று மணிக்கு எழுந்து பாய்லர் பற்றவைத்தவன், மூட்டை வெங்காயம் உரித்தவன், ஈரத்தரையிலேயே நின்று காலில் சேற்றுப்புண் வந்தவன் எல்லாரும் ‘தேவையான பொருட்கள்’ பட்டியலுக்கு வெளியே விழுந்துவிடுகிறார்கள். மேசை துடைக்கிறவன், சப்ளையர், மாவரைப்பவன், சரக்கு மாஸ்டர் என்ற அந்த அடுக்கு, படம் போட்ட எந்தப் புத்தகத்திலும் இல்லை. கதீட்ரல் ரோட்டில் 1962-இல் வந்து 2008-இல் மூடப்பட்ட உட்லண்ட்ஸ் டிரைவ்-இன் பற்றி எவ்வளவு ஏக்கக் கட்டுரைகள்! காருக்குள் உட்கார்ந்து தின்றவர்களின் ஏக்கம். அந்த இடத்தில் இப்போது செம்மொழிப் பூங்கா இருக்கிறது. காருக்குப் பக்கத்தில் தட்டோடு நின்றவர்கள் எதற்கு ஏங்குகிறார்கள் என்று யாராவது எழுதினால் படிக்க ஆவலாயிருக்கிறேன்.

செம்மொழி என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். ‘பெரும்பாணாற்றுப்படை’யில் பாணன் போகும் வழியெல்லாம் சோறு மாறுகிறது. எயினர் குடியில் ஒன்று, உழவர் வீட்டில் ஒன்று, வலைஞர் குடியில் ஒன்று, அந்தணர் மனையில் ஒன்று. எதுவும் உயர்தரம் என்று தனியாகச் சொல்லப்படவில்லை, பாணன் எல்லா இடத்திலும் சாப்பிடுகிறான். ‘பட்டினப்பாலை’யின் புகார் நகரத்தார் இறாலும் ஆமையும் உண்கிறார்கள். அகநானூற்றுப் பாலைப்பாட்டில் மழவர் கொழுத்த பசுவைத் தின்கிறார்கள். எங்களுக்கு அகநானூறு நடத்திய பேராசிரியர் அந்த வரிக்கு வந்ததும் இருமிவிட்டு அடுத்த பாட்டுக்குப் போனார். இதைப் பொற்காலம் என்று நான் கொடி பிடிக்கவில்லை. ஆனால் செம்மொழியின் பெயரால் பூங்கா வைக்கிறவர்கள் செம்மொழியின் அடுப்படிக்குள் போகத் தயங்குவது ஏன்?

நான் பிறந்தது புளியந்தோப்புப் பக்கம். ஞாயிற்றுக்கிழமை பெரிய கறி. தெருமுனையில் கல்லில் வறுபடும் பீப், போட்டி, சுவரொட்டி. மழைக்காலத்துக்கு அம்மா மஞ்சளும் உப்பும் தடவி, கயிற்றில் கோத்துக் காயவைக்கும் உப்புக்கண்டம். செட்டிநாட்டுச் சமையல் புத்தகங்களில் உப்புக்கண்டம் உண்டு, ஆட்டுக்கறியில். எங்கள் கயிற்றில் தொங்கியதற்குப் பக்கம் ஒதுக்கப்படவில்லை. வியாசர்பாடியிலும் கடற்கரை ரயில் நிலையத்துக்கு எதிரே உள்ள தெருக்களிலும் கிடைக்கும் அத்தோவும் வாழைத்தண்டு போட்ட மொய்ங்காவும் 1960களில் பர்மாவிலிருந்து விரட்டப்பட்டு வந்த தமிழர்கள் கொண்டுவந்தவை. அகதிகளின் உணவு இந்த நகரத்தின் உணவாகி அரை நூற்றாண்டு தாண்டிவிட்டது. சமீபத்திய புத்தகங்கள் அத்தோவுக்கு இடம் தர ஆரம்பித்திருக்கின்றன, ‘வித்தியாசமான ருசி’ என்ற தலைப்பின் கீழ். மாட்டுக்கறிக்கு அந்த வித்தியாசமும் வாய்க்கவில்லை.

அரசாங்கமும் ஒரு சமையல் புத்தகம்தான். 2022 மே மாதம் ஆம்பூரில் மாவட்ட நிர்வாகம் பிரியாணித் திருவிழா அறிவித்தது. மாட்டுக்கறி பிரியாணிக்கு அதில் இடமில்லை என்றானதும் தலித், இஸ்லாமிய அமைப்புகளிடமிருந்து எதிர்ப்பு வந்தது. மழையைக் காரணம் சொல்லி விழா தள்ளிவைக்கப்பட்டது. ஆம்பூரிலேயே ஆம்பூர்க்காரன் தின்பது பட்டியலில் ஏறவில்லை.

மராத்தியில் ஷாஹு பட்டோளே 2015-இல் மராத்வாடா தலித் சமையலறைகளைப் பற்றிப் புத்தகம் எழுதினார். 2024-இல் ஆங்கிலத்திலும் வந்தது. அதற்கு முன்பே, 2009-இல், புனே பல்கலைக்கழகப் பெண்ணிய ஆய்வு மையத்தில் ஷர்மிளா ரெகேயும் மாணவர்களும் தலித் உணவு நினைவுகளைத் தொகுத்தார்கள். தமிழில் இந்தக் குறிப்புகள் வேறு இடத்தில் எழுதப்பட்டன: தன்வரலாறுகளில். பாமாவின் ‘கருக்கு’ (1992) படித்தவர்களுக்கு அந்தப் பலகாரப் பொட்டலம் மறக்காது. தெருப் பெரியவர் ஒருவர் அதைக் கையில் பிடிக்காமல், கட்டிய நூலை மட்டும் பிடித்துத் தொங்கவிட்டு முதலாளியிடம் கொண்டுபோகிறார். பார்த்த சிறுமிக்குச் சிரிப்பு வருகிறது, காரணம் தெரிந்தபின் சிரிப்பு நின்றுபோகிறது. கடைப் பலகாரத்தைப் பற்றித் தமிழில் இதைவிட முக்கியமான பக்கம் எழுதப்படவில்லை. அதில் அளவும் இல்லை, செய்முறையும் இல்லை.

இதையெல்லாம் ஒரு நண்பரிடம் சொன்னபோது அவர் கேட்டார்: அப்போ உங்க சாப்பாட்டையும் வழவழ தாளில் போடணும்ங்கிறதா? அட்டையில் டபராவுக்குப் பதில் மண்சட்டியா? நியாயமான கேள்வி. விளிம்பை அட்டைப்படமாக்கி விற்கிற வித்தை சந்தைக்கு நன்றாகவே தெரியும். போட்டியை நட்சத்திர ஓட்டல் ‘கிராமத்து விருந்து’ என்று தட்டில் வைத்தால் அதை வறுத்த அக்காவுக்கு ஒரு தள்ளுவண்டி கூடுதலாகக் கிடைக்கப்போவதில்லை. என்னிடம் இதற்குச் சுத்தமான பதில் இல்லை. ஆனாலும் அம்மாவிடம் உப்புக்கண்டம் எப்படிப் போடுவது என்று கேட்டு எழுதத் தொடங்கியிருக்கிறேன். எவ்வளவு உப்பு என்றால் ‘கறிக்கு ஏத்தாப்ல’ என்கிறாள். எத்தனை நாள் வெயில் என்றால் ‘காயற வரைக்கும்’ என்கிறாள். காக்காயை யார் பார்த்துக்கொள்வது என்று கேட்டதற்கு, ‘நீதானடா பாத்துக்கினு இருந்த, மறந்துட்டியா?’ என்றாள். அதையும் எழுதிக்கொண்டேன்.

சித்தப்பா அந்தப் புத்தகத்தைத் தரச்சொல்லி வாங்கிக்கொண்டார். கண்ணாடி போட்டு ஒவ்வொரு படமாகப் பார்த்தார். அவர் வேலை பார்த்த ஓட்டலின் சாம்பாரும் அதில் இருந்தது. வெகுநேரம் பார்த்துவிட்டு, ‘இந்தக் கிண்ணம் நம்ம கடையிது இல்ல’ என்று சொல்லிப் புத்தகத்தை மூடித் திருப்பிக் கொடுத்தார்.